கற்பனைச் சுவடி ‘எண்கட்டளை’: நம்பும்படி எழுத யோசனை சொல்லுங்கள்

குறுக்குத்துறை

வணக்கம். ஒரு குறுநாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். கல்லிடைக்குறிச்சிப் பக்கம் ஒரு பழைய வீட்டை இடிக்கும்போது மச்சில் ஓலைச்சுவடிக் கட்டு ஒன்று கிடைக்கிறது. எண்களின் தத்துவத்தைச் சொல்லும் நூல். பெயர் ‘எண்கட்டளை’. முழுக்க என் கற்பனை, அப்படி ஒரு நூல் கிடையாது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பிறகு யாரும் நூலகத்தில் போய்த் தேட வேண்டாம்.

இதுவரை யோசித்தது இவ்வளவு: பொதிகைச் சித்தர் ஒருவர் பாடியது. மூவாயிரம் வருடப் பழமை. பத்து இயல். முதல் இயல் பூஜ்யம், அப்புறம் ஒன்று முதல் ஒன்பது வரை. ஒன்று சிவம், இரண்டு சிவசக்தி, மூன்று பதி பசு பாசம், ஐந்து ஐந்தெழுத்து என்று போய் ஒன்பதில் நவகைலாயம். கடைசிப் பாட்டு மறுபடி பூஜ்யத்தில் ஒடுங்கும். படிக்கிறவர் ஒரு நிமிஷமாவது ‘இது நிஜமோ’ என்று திகைக்க வேண்டும். எங்கெங்கே இடிக்கிறது?

பேட்டை வாத்தியார்

தம்பி, இடிக்காத இடத்தைச் சொல்வது சுலபம். ஐந்தெழுத்து சரி, நவகைலாயம் சரி. மற்றது எல்லாம் இடிக்கிறது.

முதலில் வயது. நம்ம ஊர் வெக்கையிலும் ஈரத்திலும் பனையோலை முந்நூறு நானூறு வருடம் தாக்குப்பிடித்தாலே பெரிய காரியம். ராமபாணப் பூச்சி விடாது. அதனால்தான் தலைமுறைக்குத் தலைமுறை படியெடுத்தார்கள். மச்சில் கிடைப்பது மூலமாக இருக்க முடியாது, படியின் படியாகத்தான் இருக்கும். அப்படியே வையுங்கள். படியெடுத்தவன் விட்ட பிழைகள் உங்களுக்குக் கதைக்கு உதவும்.

இரண்டாவது எழுத்து. ஓலையில் மெய்யெழுத்துக்குப் புள்ளி இராது. குத்தினால் ஓலை கிழியும் என்று விட்டுவிடுவார்கள். எகரத்துக்கும் ஏகாரத்துக்கும் ஒரே கொம்பு, காலும் ரகரமும் ஒரே மாதிரி. வீரமாமுனிவர் திருத்தம் எல்லாம் 18-ஆம் நூற்றாண்டுச் சமாச்சாரம், ஏட்டுக்காரர்கள் அதை உடனே எடுத்துக்கொள்ளவும் இல்லை. உங்கள் கதாநாயகன் சுவடியைப் பிரித்ததும் செய்தித்தாள் மாதிரி கடகடவென்று வாசித்தான் என்று எழுதிவிடாதீர்கள்.

மூன்றாவதுதான் பெரிய விஷயம். பூஜ்யம். தமிழ் எண் எழுதும் முறையில் பத்துக்கு ௰, நூறுக்கு ௱, ஆயிரத்துக்கு ௲ என்று தனித்தனிக் குறி உண்டு. இருபத்தைந்து என்றால் ௨௰௫. சுழிக்கு அங்கே வேலையே இல்லை. சுழி வைத்து எழுதுவது பின்னால் வந்த வழக்கம். வெறுமை என்ற எண்ணம் இல்லாமல் இல்லை: பரிபாடலில் திருமாலை ‘பாழ் என, கால் என, பாகு என, ஒன்று என’ என்று அடுக்குகிறார்கள். அது தத்துவம். கணக்குப்பிள்ளையின் ஏட்டில் அதற்கு ஒரு கட்டம் கிடையாது. பூஜ்யத்துக்கு ஒரு இயல் ஒதுக்கினால் தெரிந்தவன் முதல் பக்கத்திலேயே மூடிவைத்துவிடுவான்.

அந்தப் பரிபாடல் வரிசையை இன்னொரு தடவை வாசியுங்கள். பாழுக்கு அடுத்து ஒன்று வரவில்லை. காலும், பாகு என்கிற அரையும் வந்த பிறகுதான் ஒன்று வருகிறது.

எண்ராசி

நல்ல முயற்சி சார். ஆனால் 108 இல்லாமல் எண் நூலா? 108-ஐக் கூட்டினால் 9. நவகைலாயமும் 9. நூலின் பெயரையே எண் கணிதப்படி பார்த்து வைக்கலாம். ‘எண்கட்டளை’யை ஆங்கிலத்தில் எழுதிக் கூட்டிப் பார்த்தேன், ஒரு எழுத்து சேர்த்தால் 5 வரும். புதன். நூலுக்கு ரொம்ப விசேஷம்.

பேட்டை வாத்தியார்

ஆங்கிலத்தில் எழுதிக் கூட்டினீர்களா! ஏட்டில் எழுதினவனுக்கு 26 எழுத்து தெரியாதே ஐயா. அவனுக்கு 247.

கோட்டைவிதைப்பாடு

அண்ணாச்சிமாருக்கு வணக்கம். நான் அம்பாசமுத்திரம் பக்கம், விவசாயம். தத்துவம் எல்லாம் தெரியாது, நெல் அளக்கது தெரியும். இந்த இழைய பாத்துட்டு சும்மா இருக்க முடியல.

வாத்தியார் சொன்னதுதான் எனக்கும் தோணுது. எண்ணுன்னா நம்ம ஊர்ல வானத்துலேருந்து எறங்கல. களத்துலதான் பொறந்திருக்கு. எங்க தாத்தா அளக்கும்போது ‘ஒண்ணு’ன்னு சொல்லவே மாட்டாவ. மொத மரக்கால் ‘லாபம்’. அதுக்குப் பெறகுதான் ரெண்டு, மூணு. உங்க சித்தர் ஒண்ணு சிவம்னு ஆரம்பிக்கட்டும், களத்துல நிக்கவனுக்கு ஒண்ணு லாபம். இதைவிட தத்துவம் என்ன வேணும்?

அளவு வாய்ப்பாடு எழுதுதேன், கதைக்கு வச்சுக்கிடுங்க. 360 நெல் ஒரு செவிடு. அஞ்சு செவிடு ஒரு ஆழாக்கு. ரெண்டு ஆழாக்கு ஒரு உழக்கு. ரெண்டு உழக்கு ஒரு உரி. ரெண்டு உரி ஒரு நாழி. எட்டு நாழி ஒரு மரக்கால். மத்த ஊர்ல 12 மரக்கால் கலம்னு நிறுத்திருவாவ, நம்ம திருநெல்வேலிச் சீமையில 21 மரக்கால் ஒரு கோட்டை. நெலத்தையும் அப்படித்தான் சொல்லுவோம், ‘ரெண்டு கோட்டை விதைப்பாடு’ன்னு. எத்தன ஏக்கர்னு பட்டாவப் பாத்தாத்தான் தெரியும்.

நெல்லையப்பர் கதையே நெல் கதைதான? வேதசர்மா நைவேத்தியத்துக்குக் காயப்போட்ட நெல்ல மழை அடிச்சுட்டுப் போகாம சாமி வேலி கட்டுனாவ. அந்த ஊர்ல ஒரு எண் நூல் எழுதுனா அதுல நெல்லு இல்லாம எப்படி?

தாம்பரத்தில் ஒரு நெல்லைக்காரன்

குறுக்குத்துறை அண்ணன் போட்ட திட்டம் தமிழில் எழுதின பித்தாகரஸ் மாதிரி இருக்கிறது. அங்கேயும் ஒன்று மூலம், இரண்டு பிளவு, பத்து நிறைவு என்றுதான் போகும். 1+2+3+4=10 என்று கூழாங்கற்களை முக்கோணமாக அடுக்கி அதன் மேல் சத்தியம் செய்வார்களாம். இதில் ஒரு வேடிக்கை: பித்தாகரஸ் எழுதியதாக ஒரு வரிகூட மிஞ்சவில்லை. பின்னால் வந்தவர்கள் சொன்னதை வைத்துத்தான் எல்லாம். ஒருவகையில் அதுவும் கிடைக்காத சுவடிதான்.

ஆனால் அந்த மரபு முழு எண்ணை வணங்கும் மரபு. சதுரத்தின் மூலைவிட்டத்தை முழு எண்களின் விகிதமாகச் சொல்ல முடியவில்லை என்றதும் அவர்களுக்கு அது பெரிய தலைவலியாகிவிட்டது. நம்மவர்கள் பின்னத்திலேயே புரண்டவர்கள். முந்திரி 1/320. அதற்கும் கீழே கீழ்முந்திரி, 1/320-இல் 1/320, அதாவது 1/1,02,400. அதில் 21-இல் ஒன்று இம்மி. இம்மியில் 11-இல் ஒன்று மும்மி. அதில் 7-இல் ஒன்று அணு. பெருக்கிப் பார்த்தால் ஒன்றை 16,55,80,800 ஆகப் பிளந்திருக்கிறார்கள். ஏன் இவ்வளவு தூரம் போனார்கள் என்பதுதான் உங்கள் நூலின் கேள்வியாக இருக்க வேண்டும் என்பேன்.

குறுக்குத்துறை

இந்தக் கோணம் எனக்குத் தோன்றவே இல்லை. அப்படியென்றால் நூல் ஒன்றிலிருந்து ஒன்பதுக்கு ஏறாமல், ஒன்றிலிருந்து அணுவுக்கு இறங்க வேண்டும். முதல் இயல் ஒன்று, அடுத்தது முக்கால், அரை, கால், அரைக்கால், வீசம், மா, காணி, முந்திரி. ஆனால் சித்தரை விட மனசில்லை. சித்தர் என்றால்தான் வாசகர் உட்கார்ந்து படிப்பார்.

பேட்டை வாத்தியார்

சித்தரை விட வேண்டாம், இடத்தை மாற்றுங்கள். எழுதினவன் கோயில் களஞ்சியத்துக் கணக்கன். நாளொன்றுக்கு இத்தனை நாழி அரிசி நைவேத்தியத்துக்கு, இத்தனை உழக்கு நெய் விளக்குக்கு என்று ஆயுள் முழுக்க எழுதின கை. தன் பெயரில் சொன்னால் யார் கேட்பார்கள்? பாயிரத்தில் ‘பொதிகை முனிவன் எனக்குரைத்தான்’ என்று ஒரு வரி போட்டுவிடுகிறான். அகத்தியர் பெயரில் எத்தனை வைத்திய நூல் பிற்காலத்தில் எழுந்தது! ஊர் வழக்கம்தானே.

முந்திரி ஏன் 320 என்பதையும் அவன் வாயால் சொல்ல வைக்கலாம். நம் பின்னத்தில் இரண்டு வரிசை ஓடுகிறது. ஒன்று பாதி பாதியாக உடைவது: அரை, கால், அரைக்கால், வீசம், அரைவீசம், கால்வீசம். அது 1/64-இல் நிற்கிறது. இன்னொன்று மா வரிசை: மா 1/20, அரைமா 1/40, காணி 1/80. 64-ம் 80-ம் மீதியில்லாமல் அடங்குகிற மிகச் சிறிய எண் 320. கால்வீசம் ஐந்து முந்திரி, காணி நாலு முந்திரி, மா 16, வீசம் 20. சில்லறை எதுவும் மிஞ்சாது. கணக்கனுக்கு இது வசதி. ஆனால் தத்துவம் பேசுகிற கணக்கன் 320-ஐ எப்படிப் பார்ப்பான்? 64-ஐ ஐந்தால் பெருக்கினது. கலைகள் அறுபத்துநான்கு, எழுத்து ஐந்து. அவன் இதை விட்டிருப்பானா?

எண்ராசி

அருமை! 3+2+0=5. புதன் வந்துவிட்டார் பாருங்கள்.

ஏரல் மதினி

எல்லாரும் பேசி முடித்த பிறகு வருகிறேன் என்று நினைக்காதீர்கள், இரண்டு நாளாகப் படித்துக்கொண்டுதான் இருந்தேன்.

எண்ணை வைத்து இறைவனைப் பாடுவது நமக்குப் புதிது இல்லை. திருமந்திரமே ‘ஒன்றவன் தானே இரண்டவன் இன்னருள்’ என்று தொடங்கி எட்டில் முடிகிற பாட்டோடு ஆரம்பிக்கிறது. திருவெழுகூற்றிருக்கை என்று ஒரு வகையே உண்டு. ஒன்று, இரண்டு, ஒன்று, பிறகு மூன்று வரை போய் இறங்கி, இப்படி ஏழுவரை தேர்த்தட்டு மாதிரி ஏறி இறங்கும். சம்பந்தர் சீர்காழிக்கும் திருமங்கையாழ்வார் குடந்தைக்கும் அருணகிரியார் சுவாமிமலைக்கும் பாடியிருக்கிறார்கள். ஒன்றிலிருந்து ஒன்பது என்று தம்பி எழுதினால் அந்த வரிசையில் கடைசியில்தான் நிற்க முடியும். பின்னத்தில் பாடியது என்றால் எனக்குக் காளமேகத்தின் ‘முக்காலுக் கேகாமுன்’ வெண்பா ஒன்றுதான் நினைவுக்கு வருகிறது. அங்கே இடம் நிறையவே காலியாக இருக்கிறது.

கோட்டைவிதைப்பாடு அண்ணாச்சி ஒரு செவிடுக்கு 360 நெல் என்றார்கள். படித்ததும் கணக்குப் போட்டேன். சித்தர் மரபில் ஒரு நாளைக்கு 21,600 மூச்சு. நாளுக்கு 60 நாழிகை. ஆக நாழிகைக்கு 360 மூச்சு. செவிடுக்கு 360 நெல்!

இன்னும் இருக்கிறது. அந்த 21,600-இல் 7,200 மூச்சு பாழாக வெளியே போகிறது, 14,400 தான் உள்ளே சேர்கிறது என்று யோகக்காரர்கள் சொல்வார்கள். இப்போது நாழிக்கு வாருங்கள். எட்டு ஆழாக்கு, நாற்பது செவிடு, 40-ஐ 360-ஆல் பெருக்கினால் 14,400 நெல். ஒரு மனிதன் ஒரு நாளில் உள்ளே வாங்கி நிறுத்துகிற மூச்சும் ஒரு நாழி நெல்லும் ஒரே எண். ‘உண்பது நாழி’ என்ற புறநானூற்று அடி எல்லாருக்கும் தெரியும். சாப்பாட்டுக்கு ஒரு நாழி, உயிருக்கு ஒரு நாழி. உங்கள் கணக்கன் இந்த இரண்டையும் ஒரே ஏட்டில் பக்கம் பக்கமாக எழுதிவிட்டுப் பேசாமல் இருந்தாலே போதும், விளக்கம் எதுவும் வேண்டாம்.

தாம்பரத்தில் ஒரு நெல்லைக்காரன்

மதினி, கூட்டல் சரி. ஆனால் 360 எல்லா இடத்திலும் வரும். 2, 3, 4, 5, 6, 8, 9, 10, 12 எதனால் வகுத்தாலும் மீதி வராது. அளவு வகுக்கிறவனுக்கு அது வசதி, வட்டத்துக்கும் 360 பாகைதானே. இம்மியில் 21, கோட்டையில் 21 என்று நானும் ஒரு ராத்திரி மண்டையைக் குழப்பிக்கொண்டேன். ஒன்றுக்கொன்று உறவு இருக்கிறது என்று சொல்ல எந்தப் பிடியும் இல்லை.

ஏரல் மதினி

வரலாறு எழுதினால் நீங்கள் சொல்வதுதான் சரி தம்பி. இது வரலாறு இல்லையே. அந்தக் கணக்கன் கண்ணில் அது பட்டால் அவன் தூக்கம் போயிருக்குமா இல்லையா, அதைச் சொல்லுங்கள். எண்ணில் மயங்குகிறவனைப் பற்றி எழுதும்போது அவன் மயங்குகிற இடம் வாசகனையும் கொஞ்சம் மயக்க வேண்டும். பக்கத்திலேயே உங்களைப் போல ஒருவர் கதையில் நின்று ‘360 எங்கேயும் வரும் வே’ என்று சொல்லட்டும். நன்றாகவே இருக்கும்.

இன்னொன்று, இதுதான் நான் முக்கியமாகச் சொல்ல வந்தது. ‘முக்காலே மூணுவீசம்’ என்று பேச்சில் சொல்கிறோம். வேலை முக்காலே மூணுவீசம் முடிந்தது, ஊர் முக்காலே மூணுவீசம் காலி என்று. முக்காலும் மூன்று வீசமும் சேர்ந்தால் பதினாறில் பதினைந்து. மிச்சம் ஒரு வீசம். சந்திரனுக்குப் பதினைந்து திதி, ஆனால் கலை பதினாறு. வளர்வதும் தேய்வதும் பதினைந்து. அந்தப் பதினாறாவது தேயாமல் நிற்கிறது என்பது சக்தி வழிபாட்டில் பெரிய ரகசியம். கணக்கன் நூலுக்கு நடுநாயகமாக அந்த மிச்ச வீசம் இருக்கட்டும். எதை எவ்வளவு அளந்தாலும் அளவுக்கு வராத ஒரு வீசம்.

குறுக்குத்துறை

மதினி, கையெடுத்துக் கும்பிடுகிறேன். நேற்று ராத்திரி உட்கார்ந்து வீசத்தின் இயலுக்கு நாலு வரி எழுதிப் பார்த்தேன். அகவல். வாத்தியார் ஐயா பார்த்துச் சொல்ல வேண்டும்.

முக்கால் உடலே மூன்றுவீ சம்வினை
ஒக்கக் கூட்டினும் ஒன்றா காதே
எஞ்சிய வீசம் எவரிடம் என்னில்
அளப்போன் மரக்கால் அடியில் உளதே

பேட்டை வாத்தியார்

நாலு அடியிலும் நாலு சீர் நிற்கிறது, மோனை நாலு அடிக்கும் விழுந்திருக்கிறது. நிலைமண்டில ஆசிரியப்பா என்று சொல்லிக்கொள்ளலாம். ‘ஒன்றா காதே’ நல்ல பிடி. ‘மூன்றுவீ சம்வினை’ கொஞ்சம் முடமாகத்தான் இருக்கிறது, ஆனால் கணக்கன் பாட்டு அப்படித்தான் இருக்கும். கம்பன் மாதிரி ஓடினால்தான் சந்தேகம் வரும்.

கோட்டைவிதைப்பாடு

பாட்டு ஜோரா இருக்கு. ஆனா ஒரு எடம் இடிக்கு. ‘மரக்கால் அடியில்’னு போட்டிருக்கிய. மிச்சம் அடியில இருக்காதுல்லா, தலையிலதான் இருக்கும்.

மரக்கால்ல ரெண்டு விதமா அளப்பாவ. குமிச்சு கோபுரமா அளக்கலாம், இல்ல கைய வச்சு தலைதட்டி அளக்கலாம். வாங்கும்போது கோபுரம், குடுக்கும்போது தலைதட்டு, அதுதான் அந்தக் காலத்துல பல பண்ணையார்க தத்துவம். அந்தத் தட்டுல விழுது பாத்தியளா, அதுதான் யார் கணக்குலயும் வராத நெல்லு. களத்துல செதறிக் கெடக்கும். கோழி பொறக்கும், களம் பெருக்க வந்த பொம்பளைக பொறக்குவாவ. அடியில உள்ளது வெளிய வரணும்னா மரக்கால் ஓட்டையா இருக்கணும். ‘தலையில் உளதே’ன்னு மாத்திருங்க.

பேட்டை வாத்தியார்

மாற்றினால் மோனை போய்விடும் அண்ணாச்சி. அளப்போன், அடியில், அகரத்துக்கு அகரம் நிற்கிறது.

கோட்டைவிதைப்பாடு

மோனைக்காவ நெல்ல அடியில போட முடியுமா வாத்தியாரே?

ஏரல் மதினி

எனக்கு அண்ணாச்சி சொல்வதுதான் பிடித்திருக்கிறது. எந்த அளவுக்கும் மிஞ்சி வழிகிறது என்றால் அருளுக்கும் பொருந்துகிறது. அடியில் ஒட்டிக் கிடப்பது என்றால் ஏதோ ஒளித்துவைத்த சரக்கு மாதிரி இருக்கிறது.

குறுக்குத்துறை

இரண்டையும் வைத்துக்கொள்கிறேன். மச்சில் கிடைத்த சுவடியில் ‘அடியில்’. கதையில் பின்னால் ஏரலில் இன்னொரு படி கிடைக்கிறது, அதில் ‘தலையில்’. பாடபேதம். படியெடுத்தவர்களில் ஒருவன் புலவன், மோனைக்காக மாற்றினான். இன்னொருவன் களத்தில் நின்றவன். எது மூலம் என்று கதையில் ஆள் ஆளுக்கு அடித்துக்கொள்ளட்டும்.

தாம்பரத்தில் ஒரு நெல்லைக்காரன்

அது சரி, எனக்கு வேறு ஒரு பயம். இந்த நாலு வரியை யாராவது படத்தில் போட்டு ‘மூவாயிரம் ஆண்டுக்கு முன்பே தமிழன் கண்ட குவாண்டம் தத்துவம்’ என்று வாட்ஸப்பில் விட்டால் என்ன செய்வீர்கள்? அடுத்த பொங்கலுக்கு எங்க சித்தப்பாவே எனக்கு அனுப்பிவைப்பார். நம் பின்னக் கணக்கு நிஜம், அதற்கு யாரும் புளுக வேண்டியதில்லை. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டில் நிலக் கணக்கு முந்திரிக்கும் கீழே, கீழ்முந்திரிக்கும் கீழே போகிறது, கல்லில் இருக்கிறது. போலி ஒன்று கிளம்பினால் பிறகு நிஜத்தையும் சேர்த்துச் சிரிப்பார்கள்.

பாட்டுக்குள்ளேயே ஒரு அச்சாணி வையுங்கள். இது கற்பனை என்று தெரிந்தவன் உடனே பிடிக்கும்படி ஏதாவது.

பேட்டை வாத்தியார்

நியாயமான பேச்சு. கதையின் பின்னுரையில் தெளிவாக எழுதிவிடுவதுதான் ஒழுங்கு. வேண்டுமானால் ஏட்டின் கடைசியில் வருகிற எழுதி முடித்த குறிப்பில் விளையாடலாம். ‘எழுதி முகிந்தது. குருவே துணை’ என்று முடித்து ஆண்டு போடுவார்கள். நம்ம சீமையில் கொல்லம் ஆண்டு. கி.பி. 825-இல் தொடங்குவது, மலையாள நாட்டுச் சரக்கு என்றாலும் இங்கே கல்வெட்டிலும் பத்திரத்திலும் புழங்கினது. கொல்லம் 973 ஆவணி என்று போட்டால் 1797. கட்டபொம்மன் காலம், கதைக்கும் ஒரு சூடு கிடைக்கும். மூவாயிரம் வருடம் என்று கிளப்புகிறவன் வாயை அந்த ஒரு வரி அடைத்துவிடும்.

குறுக்குத்துறை

கொல்லம் 973 ஆவணி. எழுதிக்கொண்டேன். பின்னுரையும் உண்டு.

எண்ராசி

973! 9+7+3=19, 1+9=10, 1+0=1. சூரியன். ஆவணியும் சூரியன் மாதம், சிம்மம். எவ்வளவு பொருத்தமாக வந்திருக்கிறது பாருங்கள் சார்.

கோட்டைவிதைப்பாடு

ஏட்டுல அப்படியா வே எழுதியிருப்பான்? வாத்தியார் சொன்ன மாதிரி ௯௱௭௰௩-ன்னுல்லா இருக்கும். நடுவுல நூறும் பத்தும் நிக்குதே, அதையும் சேத்துக் கூட்டும்.

எண்ராசி

9+100+7+10+3=129. 1+2+9=12. 1+2=3. குரு. அதுவும் நல்ல எண்தான் சார்.